ஓரத்துச் சிப்பாயை நகர்த்தியவர்

1980 ஜனவரி. சுவீடனில் ஸ்காரா என்ற ஊரில் ஐரோப்பிய அணிகளுக்கான செஸ் போட்டி நடந்துகொண்டிருந்தது. இறுதிச் சுற்றுக்கு வந்தவை எட்டு நாடுகள். சோவியத் அணியின் முதல் பலகையில் உலக சாம்பியன் அனடோலி கார்ப்போவ் வெள்ளைக் காய்களோடு உட்கார்ந்திருந்தார். எதிரில் இங்கிலாந்தின் டோனி மைல்ஸ், 24 வயது. கார்ப்போவ் ராஜாவுக்கு முன்னால் நிற்கும் சிப்பாயை இரண்டு கட்டம் தள்ளினார். எல்லோரும் எதிர்பார்த்ததுதான். மைல்ஸ் கை நீட்டி, பலகையின் ஓரத்தில் யானைக்கு முன்னால் நிற்கும் சிப்பாயை ஒரே ஒரு கட்டம் நகர்த்தினார்.

செஸ் மொழியில் அதன் பெயர் ஏ6. கார்ப்போவ் ராணிக்கு முன்னால் இருந்த சிப்பாயையும் இரண்டு கட்டம் தள்ளி நடுப்பலகை முழுவதையும் பிடித்துக்கொண்டார். மைல்ஸ் அதற்குப் பதிலாகப் பக்கத்துச் சிப்பாயை பி5 கட்டத்துக்குக் கொண்டுபோனார். பார்வையாளர்கள் வாய்விட்டுச் சிரித்தது ஆடுபவர்களின் காதிலேயே விழுந்தது என்று பின்னாளில் மைல்ஸ் சொல்லியிருக்கிறார்.

அவர்கள் சிரித்ததில் ஆச்சரியம் இல்லை. செஸ் கற்றுக்கொள்ளப் போகும் எந்தப் பிள்ளைக்கும் முதல் வாரமே சொல்லித்தரும் பாடம் ஒன்று உண்டு: நடுவில் இருக்கும் நான்கு கட்டங்களைப் பிடி, குதிரையையும் பிஷப்பையும் வெளியே கொண்டு வா, ராஜாவைப் பத்திரமாக ஒதுக்கு. ஓரத்துச் சிப்பாயைத் தள்ளுவது ஒரு வாய்ப்பை வீணாக்குவது. அந்த வீணடிப்பை, உலக சாம்பியனுக்கு எதிராக, அதுவும் கறுப்புக் காய்களோடு, ஒருவர் வேண்டுமென்றே செய்கிறார்.

46 நகர்வுகள் கழித்துக் கார்ப்போவ் தோல்வியை ஒப்புக்கொண்டார்.

டோனி மைல்ஸ் பெயரைக் கேட்டவர்களுக்கு இந்த ஒரு ஆட்டம் மட்டும்தான் பெரும்பாலும் நினைவிருக்கிறது. வினோதமான தொடக்கங்கள் ஆடிய விசித்திர மனிதர் என்று ஒரு வரியில் முடித்துவிடுவார்கள். அந்த ஒரு வரி அவருக்குச் செய்யும் அநியாயம் சின்னதல்ல.

மைல்ஸ் பிறந்தது 1955 ஏப்ரல் 23, பர்மிங்காமில். 1968ல் 14 வயதுக்கு உட்பட்டோருக்கான பிரிட்டிஷ் பட்டம், 1971ல் 21 வயதுக்கு உட்பட்டோருக்கான பட்டம். 1973ல் உலக ஜூனியர் போட்டியில் அலெக்ஸாண்டர் பெல்யாவ்ஸ்கிக்கு அடுத்த இடம். மறு ஆண்டு மணிலாவில் நடந்த அதே போட்டியில் உலக ஜூனியர் சாம்பியன். ஷெஃபீல்டு பல்கலைக்கழகத்தில் கணிதம் படித்துக்கொண்டிருந்தவர் செஸ்ஸுக்காகப் படிப்பைப் பாதியில் விட்டார். பல்கலைக்கழகம் 1975ல் அவருக்குக் கௌரவ முதுகலைப் பட்டம் கொடுத்தது.

அந்தக் காலத்து இங்கிலாந்தின் செஸ் நிலைமையை இங்கே கொஞ்சம் சொல்ல வேண்டும். நவீன காலத்தின் முதல் சர்வதேசப் போட்டியை 1851ல் லண்டனில் நடத்திய நாடு அது. அப்படிப்பட்ட நாட்டில் 1970களின் நடுப்பகுதி வரை, அந்த மண்ணில் பிறந்து பலகைக்கு எதிரே உட்கார்ந்து ஆடி கிராண்ட்மாஸ்டர் ஆனவர் ஒருவர்கூட இல்லை. ஜெர்மனியிலிருந்து வந்து குடியுரிமை பெற்ற ஜாக் மீசஸ் இருந்தார். தபால்வழி ஆட்டத்தில் பட்டம் பெற்ற கீத் ரிச்சர்ட்சன் இருந்தார். அவ்வளவுதான். ஜிம் ஸ்லேட்டர் என்ற முதலீட்டாளர், அமெரிக்கர் பாபி ஃபிஷரை 1972ல் உலக சாம்பியன் பட்டத்துக்கு ஆட ரெய்க்யவிக்குக்கு வரவைக்கப் பரிசுத்தொகையை இரட்டிப்பாக்கியவர், முதல் பிரிட்டிஷ் கிராண்ட்மாஸ்டருக்கு 5000 பவுண்டு தருவதாக அறிவித்தார். அந்தப் பந்தயத்தில் ரேமண்ட் கீனை முந்திக்கொண்டு, 1976ல் சோவியத் நாட்டின் துப்னாவில் நடந்த போட்டியில் மைல்ஸ் பட்டத்தை உறுதி செய்தார். அப்போது அவருக்கு வயது 20.

பின்னாலேயே கீன், நன், ஸ்பீல்மன், ஷார்ட் என்று வரிசையாக வந்தார்கள். 1984ல் தெசலோனிக்கி ஒலிம்பியாடில் சோவியத் அணிக்கு அடுத்து வெள்ளிப் பதக்கம் வாங்கியது இங்கிலாந்து. மைல்ஸ் அந்த அணியின் முதல் பலகை. மூடிக்கிடந்த கதவை முதலில் உடைத்தவர் அவர். பின்னால் வந்தவர்களுக்குக் கதவு திறந்தே இருந்தது.

சரி, ஸ்காராவுக்குத் திரும்புவோம். ஏன் ஏ6?

மைல்ஸின் பிரதான ஆயுதம் சிசிலியன் தற்காப்பின் டிராகன் வகை. கறுப்புக் காய்களோடு வெற்றிக்கு ஆடுகிறவர்களின் விருப்பமான தொடக்கம் அது. ஆனால் டிராகனைக் கார்ப்போவிடம் கொண்டுபோவது பாம்பாட்டியிடம் பாம்பை நீட்டுவது போல. 1974ல் மாஸ்கோவில், உலக சாம்பியனுக்குச் சவால் விடுபவரைத் தேர்ந்தெடுக்கும் கேண்டிடேட்ஸ் இறுதியின் இரண்டாவது ஆட்டத்தில் கோர்ச்னோய் கார்ப்போவுக்கு எதிராக டிராகன் ஆடி 27 நகர்வில் நொறுங்கிப்போனார். டிராகனுக்கு எதிராக எப்படித் தாக்குவது என்று இன்றும் காட்டப்படும் மாதிரி ஆட்டம் அது. சரி, ராஜாவின் சிப்பாய்க்குச் சமமாகச் சிப்பாயை வைத்து ஆடலாம் என்றால், ரூய் லோபஸில் கார்ப்போவின் பிடி எப்படிப்பட்டது என்பது உலகத்துக்கே தெரியும். சிறிய மேன்மையைக் கையில் வைத்துக்கொண்டு, அவசரமே இல்லாமல், எதிராளி மூச்சுத் திணறும்வரை இறுக்குவார். அவருக்குப் பின்னால் சோவியத் பயிற்சியாளர்களின் படையே உட்கார்ந்து வீட்டுப்பாடம் செய்துகொடுத்தது. தெரிந்த பாதை எதில் போனாலும் அங்கே முன்னாலேயே கார்ப்போவ் நிற்பார். பாதையே இல்லாத இடத்தில் இருவரும் சமம்.

அந்த இடத்தை மைல்ஸ் அந்த நிமிடத்தில் கண்டுபிடிக்கவில்லை. 1868லேயே, பின்னாளில் முதல் உலக சாம்பியனான ஸ்டெய்னிட்ஸ் ஒரே நேரத்தில் பலரோடு ஆடிய காட்சி ஆட்டம் ஒன்றில், பேக்கர் என்ற ஒருவர் இதை ஆடி அவரைத் தோற்கடித்திருக்கிறார். ஒரு நூற்றாண்டு கழித்து அதைத் தூசு தட்டி எடுத்தவர் மைக்கேல் பாஸ்மன். லண்டனில் ஆர்மீனியத் தந்தைக்குப் பிறந்தவர், 1.ஜி4 போன்ற யாரும் தொடாத தொடக்கங்களை ஆண்டுக்கணக்கில் நம்பிக்கையோடு ஆடியவர், பிற்பாடு பிரிட்டனின் பள்ளிப் பிள்ளைகளுக்காக மாபெரும் போட்டி ஒன்றைத் தொடங்கி நடத்தியவர். ஏ6, பி5 என்ற அமைப்புக்குச் 'செயின்ட் ஜார்ஜ் தற்காப்பு' என்ற பெயரில் அவர் உயிர் கொடுத்துக்கொண்டிருந்தார். அவருடைய உழைப்பிலிருந்து மைல்ஸ் கற்றுக்கொண்டார். ஸ்காராவுக்குப் பிறகு அதற்குப் 'பர்மிங்காம் தற்காப்பு' என்று இன்னொரு பெயரும் சேர்ந்தது.

ஆட்டத்தை நகர்வு நகர்வாகப் பார்த்தால் சிரிப்பதற்கு அங்கே எதுவும் இல்லை என்பது புரியும். மூன்றாவது நகர்வில் கறுப்பு பிஷப் நீண்ட மூலைவிட்டத்தில் போய் உட்கார்ந்து, வெள்ளையின் நடுச் சிப்பாயைக் குறிவைக்கிறது. ஆறாவது நகர்வில் சி5 என்று நடுப்பகுதியை இடிக்கிறார். பத்துப் பன்னிரண்டு நகர்வுகளுக்குள் இது ஒழுங்கான சிசிலியன் மாதிரியே தோற்றம் தருகிறது. ஒரே வித்தியாசம், கார்ப்போவ் இதை வீட்டில் பார்த்ததில்லை. சாம்பியன் ராஜாவைக் குறிவைக்கிறார். குதிரையை முன்னால் பாய்ச்சுகிறார், பிஷப்பால் செக் கொடுத்துவிட்டுப் பின்வாங்கி, அதே மூலைவிட்டத்தில் ராணியையும் நிறுத்தி மிரட்டப் பார்க்கிறார். 23வது நகர்வில் ராணியை டி3க்குக் கொண்டுவந்தபோது கணக்கு பிசகியது. மைல்ஸ் யானைகளை மாற்றிக்கொண்டு, ராணியால் ஒரு சிப்பாயைத் தின்று, அடுத்த நகர்விலேயே இன்னொன்றையும் தின்றார். கார்ப்போவால் ஒன்றைத்தான் திருப்பி எடுக்க முடிந்தது.

எனக்கு இந்த ஆட்டத்தில் மிகவும் பிடித்தது அதற்குப் பிறகு வரும் பகுதி. 28வது நகர்வில் ராணிகள் பலகையைவிட்டுப் போகின்றன. மைல்ஸ் கையில் ஒரு சிப்பாய் அதிகம், இரண்டு பிஷப்கள். எதிரே உலகத்தின் தலைசிறந்த தற்காப்பு ஆட்டக்காரர். அங்கிருந்து 18 நகர்வுகள், வேடிக்கை எதுவும் இல்லாமல், கார்ப்போவின் பாணியிலேயே கார்ப்போவை இறுக்குகிறார். ராஜா நடுவுக்கு வருகிறது. யானை ஓரக் கோட்டைப் பிடித்துக்கொண்டு எதிரிப் படையின் பின்புறம் இறங்குகிறது. கடைசியில் வெள்ளைச் சிப்பாய்கள் ஒவ்வொன்றாக உதிர்கின்றன. ஏ6 என்ற நகர்வு அவருக்குக் கொடுத்தது சம நிலைமை மட்டும்தான். மீதி முழுவதும் அவருடைய கைத்திறன். 'ஏ6 ஆடி உலக சாம்பியனை வீழ்த்தினார்' என்று சொல்பவர்கள் இந்த 18 நகர்வுகளை விட்டுவிடுகிறார்கள்.

அந்தப் போட்டியில் இங்கிலாந்துக்கு வெண்கலப் பதக்கம் கிடைத்தது.

மைல்ஸின் மற்ற தொடக்கங்களும் இதே கதைதான். ராஜாவின் சிப்பாய்க்குப் பதிலாக முதல் நகர்விலேயே குதிரையை சி6ல் வைப்பார். ராணியின் சிப்பாய்க்கு எதிராக பி6 ஆடி, 'இங்கிலீஷ் தற்காப்பு' என்று இன்று அழைக்கப்படும் முறையைப் புழக்கத்துக்குக் கொண்டுவந்தவர்களில் அவரும் ஒருவர். குவீன்ஸ் இந்தியன் தற்காப்பில் நான்காவது நகர்வாகப் பிஷப்பை எஃப்4ல் வைக்கும் வகை இன்றும் அவர் பெயரால் அறியப்படுகிறது. 1982ல் லூசேர்ன் ஒலிம்பியாடில் அமெரிக்கர் வால்டர் பிரவுனை அந்த வகையில்தான் தாக்கி வீழ்த்தினார். இவை எதிலும் எதிராளியைத் திகைக்கவைக்கும் ஒற்றை வித்தை இல்லை. எல்லாவற்றிலும் இருப்பது, புத்தகம் முடிந்த இடத்திலிருந்து ஆட்டம் தொடங்க வேண்டும் என்ற ஆசை.

அதனால்தான் வழக்கத்துக்கு மாறான தொடக்கங்களைத் தொகுத்து வெளிவந்த ஒரு பருமனான நூலை 'கிங்பின்' இதழுக்கு விமர்சனம் செய்யச் சொன்னபோது, அவர் எழுதியது மொத்தமே இரண்டு சொற்கள். மொழிபெயர்த்தால் 'சுத்தக் குப்பை' என்பதைவிடக் கொஞ்சம் காட்டமாக வரும். ஏ6 ஆடியவரே இப்படி எழுதினாரா என்று பலர் வியந்தார்கள். விசித்திரம் என்பதற்காகவே விசித்திரத்தை அவர் மதித்ததில்லை. ஒரு நகர்வு தாக்குப்பிடிக்குமா, பிடிக்காதா என்பதுதான் அவருடைய கேள்வி.

1984ல் டில்பர்க் போட்டியில் தனி முதலிடம். அன்றைய உலகின் மிகக் கடினமான போட்டிகளில் ஒன்று அது. அதே ஆண்டு ஜெர்மனியில் கண்ணால் பலகையைப் பார்க்காமல் ஒரே நேரத்தில் 22 பேரோடு ஆடினார். அடுத்த ஆண்டு டில்பர்க்கில் நடந்ததுதான் செஸ் உலகம் இன்றும் படம் போட்டுப் பேசும் காட்சி. கடுமையான முதுகுவலி. உட்கார முடியவில்லை. அமைப்பாளர்கள் மசாஜ் செய்யும் உயரமான மேசை ஒன்றைக் கொண்டுவந்து போட்டார்கள். அதில் குப்புறப் படுத்து, தலையை நிமிர்த்திப் பலகையைப் பார்த்தபடி ஆடினார். எதிராளிகள் சிலர் கவனம் சிதறுகிறது என்று எதிர்ப்புக் கடிதம் கொடுத்தார்கள். அவர்களுடைய சங்கடமும் நியாயமானதுதான். ஆனால் படுத்தபடியே ஆடியவர் ஹூப்னர், கோர்ச்னோய் இருவரோடும் முதலிடத்தைப் பகிர்ந்துகொண்டார். நாள்கணக்கில் ஐந்து மணி நேர ஆட்டங்களை முதுகுவலியோடு ஆடி முதலிடம் வாங்குவது எவ்வளவு பெரிய காரியம் என்பதை, ஒரு நாள் முழுக்க முதுகு பிடித்துக்கொண்டு அலுவலக நாற்காலியில் உட்கார்ந்தவர்கள் அறிவார்கள்.

1986ல் பாசல் நகரில் புதிய உலக சாம்பியன் காஸ்பரோவோடு ஆறு ஆட்டங்கள். மைல்ஸுக்குக் கிடைத்தது அரைப் புள்ளி. சாம்பியனோடு ஆடப்போகிறேன் என்று நினைத்து வந்தேன், உடம்பெல்லாம் கண் முளைத்த பூதத்தோடு ஆடினேன் என்ற பொருளில் அவர் சொன்னது செஸ் உலகில் பழமொழி போல நிலைத்துவிட்டது. அத்தனை மோசமாகத் தோற்ற பிறகு வென்றவரை இவ்வளவு மனதாரப் புகழ்ந்த ஆட்டக்காரர்கள் குறைவு.

அடுத்த ஆண்டு மனம் உடைந்தது. தன் நாட்டுச் செஸ் கூட்டமைப்பு சம்பந்தப்பட்ட ஒரு பணவிவகாரம் அவரை இரவுபகலாக ஆட்டிவைத்தது. 1987 செப்டம்பரில், பிரதமர் வசிக்கும் டவுனிங் தெருவில் காவலர்கள் அவரைத் தடுத்துப் பிடித்தார்கள். அதன் பிறகு இரண்டு மாதம் மருத்துவமனை. குணமாகி வந்ததும் அமெரிக்காவுக்குக் குடிபெயர்ந்தார். 1988ல் அமெரிக்கச் சாம்பியன் போட்டியில் கடைசி இடம். பிறகு சில காலம் ஆஸ்திரேலியா. கடைசியில் மறுபடியும் இங்கிலாந்து. மனநோயைப் பற்றி வெளியே பேசாத காலம் அது. அதைச் சுமந்துகொண்டே மீண்டும் பலகைக்கு வந்து உட்கார்ந்தார் என்பதுதான் என் மதிப்பில் ஸ்காரா வெற்றியைவிடப் பெரிது.

இந்த இடத்தில் சென்னைக்கு ஒரு நூல் நீள்கிறது.

1987ல் சான் பிரான்சிஸ்கோவில் மைல்ஸ், அமெரிக்க கிராண்ட்மாஸ்டர் லாரி கிறிஸ்டியன்சனோடு பெட்ராஃப் தற்காப்பில் ஒரு ஆட்டம் ஆடினார். கிறிஸ்டியன்சன் கறுப்பு. அவர் குதிரையால் இ4ல் இருந்த சிப்பாயை எடுத்தார். மைல்ஸ் குதிரையை சி3ல் வைத்துக் கேள்வி கேட்டார். கிறிஸ்டியன்சன் பிஷப்பை எஃப்5க்குக் கொண்டுவந்து குதிரையைக் காத்தார். பிஷப் காத்தாலும் அங்கே ஒரு பள்ளம் இருந்தது. வெள்ளை ராணி இ2 கட்டத்துக்கு வந்தால், கறுப்புக் குதிரை ராஜாவுக்கும் ராணிக்கும் நடுவில் மாட்டிக்கொண்டு, அடுத்து ஒரு சிப்பாய் தாக்கியதும் செத்துப்போகும். மைல்ஸ் ராணியைத் தொடவில்லை. குதிரைகளை மாற்றிக்கொண்டார். ஆட்டம் 20 நகர்வில் டிரா. நகர்வுகள் அச்சில் வெளிவந்தன.

மறு ஆண்டு ஸ்விட்சர்லாந்தின் பீல் நகரில், அப்போதுதான் கிராண்ட்மாஸ்டர் பட்டம் பெற்றிருந்த சென்னை இளைஞர் விஸ்வநாதன் ஆனந்த், கொலம்பியாவின் அலோன்சோ ஸபாட்டாவுக்கு எதிராக அதே வரிசையை அச்சிலிருந்து அப்படியே எடுத்து ஆடினார். ஐந்தாவது நகர்வு, பிஷப் எஃப்5. ஸபாட்டா ராணியை இ2ல் வைத்தார். ஆனந்த் அங்கேயே தோல்வியை ஒப்புக்கொண்டார். ஆறு நகர்வு. இந்தியாவின் மிகப் பெரிய ஆட்டக்காரரின் மிகக் குறுகிய தோல்வி அதுதான் என்று இன்றும் சொல்வார்கள்.

பெரிய பெயர்கள் ஆடி டிரா ஆன நகர்வுகள் என்பதால் சரியாகத்தான் இருக்கும் என்று பதினெட்டு வயதில் யாரும் நம்புவார்கள். ஸ்காராவில் மைல்ஸ் தப்பி ஓடிய ஆபத்தும் இதேதான்: அடுத்தவர் அச்சில் விட்டுச்சென்ற தடத்தில் கால் வைப்பது. அந்தத் தடம் அவருடைய ஆட்டத்திலிருந்தே கிளம்பி ஆனந்தின் காலை வாரியது என்பதை நினைக்கும்போதெல்லாம் எனக்கு மனம் கனக்கிறது.

மைல்ஸ் டிராக்களை எப்போதுமே புனிதமாக நடத்தியவர் இல்லை என்பதையும் சொல்லியாக வேண்டும். 1975ல் லூட்டன் போட்டியின் கடைசிச் சுற்றில், இங்கிலாந்தின் இன்னொரு ஆட்டக்காரரோடு ஒரு காய்கூட நகர்த்தாமலேயே டிரா என்று ஒத்துக்கொண்டார். நடுவர் இருவருக்கும் சுழியம் போட்டார். அது தவறுதான். தெரியாத காட்டுக்குள் துணிந்து இறங்கிய அதே மனிதர் சில நாட்களில் வாசலைக்கூடத் தாண்டவில்லை.

1990களில் அவரை அதிகம் கொண்டாடிய நாடு கியூபா. கபாபிளாங்கா நினைவுப் போட்டியில் 1995, 1996, 1999 என மூன்று முறை முதலிடம் பிடித்தார். நீரிழிவு நோய் உடம்பை அரித்துக்கொண்டிருந்தது. 2001 கோடையில் ஸ்கார்பரோவில் நடந்த பிரிட்டிஷ் சாம்பியன் போட்டியில், கடைசிச் சுற்றுக்கு முன்பே உடல்நிலை காரணமாக விலகிக்கொண்டார். அதன் பிறகு பிரிட்டனின் அணிகளுக்கான லீக்கில் இரண்டு ஆட்டங்கள். இரண்டும் குறுகிய டிராக்கள். 2001 நவம்பர் 12 அன்று, பிறந்த ஊரான பர்மிங்காமில், ஹார்போர்ன் பகுதியில் இருந்த தன் வீட்டில் இதயம் நின்றுபோய் இறந்தார். வயது 46. ஸ்காராவில் கார்ப்போவ் தோற்க எடுத்துக்கொண்ட நகர்வுகளும் 46.

செஸ் தொடக்கங்களை வகைப்படுத்தும் கலைக்களஞ்சியத்தில் பி00 என்று ஒரு அறை இருக்கிறது. ராஜாவின் சிப்பாய்க்கு எதிராக வேறு எந்த அறையிலும் சேராத பதில்களை அதில் போட்டு வைப்பார்கள். ஸ்காரா ஆட்டம் அதற்குள்தான் இருக்கிறது. மைல்ஸ் இறந்த பிறகு, அவருடைய ஆட்டங்களையும் எழுத்துகளையும் நண்பர்கள் தொகுத்து ஒரு புத்தகமாகக் கொண்டுவந்தார்கள். டோனி மைல்ஸ் என்ற பெயரின் ஆங்கில எழுத்துகளைக் கலைத்துத் திரும்ப அடுக்கினால், ஒன்றுகூட மிச்சமில்லாமல், 'இட்ஸ் ஒன்லி மீ' என்று வரும். நான்தான், வேறு யாருமில்லை. அதையே புத்தகத்துக்குத் தலைப்பாக வைத்திருக்கிறார்கள்.